மூன்றாவது சரணம் வரைக்கும்

எங்கள் வீட்டில் 'ஆயிரம் நிலவே வா' பாட்டு ரொம்ப நாள் பாதியில்தான் நின்றுகொண்டிருந்தது. அப்பா எண்பதுகளின் நடுவில், பஸ் ஸ்டாண்ட் பக்கத்தில் பாட்டுப் பதிந்து தரும் ஒரு கடையில் பட்டியல் எழுதிக் கொடுத்து வாங்கி வந்த கேசட் அது. அறுபது நிமிஷக் கேசட், முதல் பக்கத்தின் கடைசிப் பாட்டு இது. இரண்டாவது சரணம் முடிந்து இடையிசை தொடங்கும்போதே டேப் தீர்ந்துபோகும், டக்கென்று பட்டன் மேலே எழும்பும். கடைக்காரர் நேரத்தைக் கணக்குப் பார்க்காமல் விட்டுவிட்டார். அப்பா போய்க் கேட்டபோது "ஒரு சரணம்தானே சார்" என்றாராம். அப்பா அதைப் பல வருஷம் மறக்கவில்லை. ஒரு சரணம்தானே என்று எப்படி ஒருத்தருக்குச் சொல்ல வரும் என்று கேட்பார்.

எனக்கு அந்த வருத்தம் அப்போது புரியவில்லை. பாட்டே அவ்வளவுதான் என்று நினைத்து வளர்ந்தவன் நான். கல்லூரி நாட்களில் ஒரு இரவு ரேடியோவில் முழுசாகக் கேட்டேன். இரண்டாவது சரணத்துக்குப் பிறகு டக் என்ற சத்தத்துக்காகக் காது காத்திருக்கிறது, ஆனால் பாட்டு மேலே போகிறது. அந்த நிமிஷத்தை இன்னும் மறக்கவில்லை. அதிலிருந்துதான் இந்தப் பாட்டு எப்படி வந்தது, யார் யார் சேர்ந்து செய்தார்கள் என்று தேடித் தேடிப் படிக்க ஆரம்பித்தேன்.

படம் 'அடிமைப்பெண்'. 1969 மே 1 அன்று வெளிவந்தது. எம்.ஜி.ஆரின் சொந்த நிறுவனமான எம்ஜியார் பிக்சர்ஸ் தயாரிப்பு, இயக்கம் கே. சங்கர், இசை கே.வி. மகாதேவன். பாட்டை எழுதியவர் புலமைப்பித்தன், பாடியவர்கள் எஸ்.பி. பாலசுப்ரமணியமும் பி. சுசீலாவும். ஜெயலலிதா அந்தப் படத்தில் இரண்டு வேடம், 'அம்மா என்றால் அன்பு' என்று சொந்தக் குரலில் ஒரு பாட்டும் பாடினார். இதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

இந்தப் பாட்டைப் பற்றிப் பேச்சு வந்தாலே எல்லோரும் சொல்லும் கதை ஒன்று உண்டு, எஸ்.பி.பி. மேடைக்கு மேடை நெகிழ்ந்து சொன்ன கதை. பாட்டு அவருக்கு என்று முடிவாகி, ஒத்திகையும் நடந்து, ரெக்கார்டிங் நெருங்கும் நேரத்தில் அவருக்கு டைபாய்டு வந்துவிட்டது. எழுந்து நிற்க முடியாத நிலை. எம்.ஜி.ஆர். படம், பெரிய செலவில் வெளியூர்ப் படப்பிடிப்பு எல்லாம் ஏற்பாடாகியிருக்கும் படம். 22 வயசுப் பையன், தமிழில் அதுவரை அவர் பாடிய ஒரு பாட்டுக்கூட வெளியே வந்திருக்கவில்லை. வேறு யாரையாவது பாட வைத்திருப்பார்கள், வாய்ப்பு போய்விட்டது என்றுதான் அவர் படுக்கையில் கிடந்தபடி நினைத்திருக்கிறார். ஆனால் எம்.ஜி.ஆர். அந்தப் பாட்டைத் தள்ளி வைத்தார். பையன் உடம்பு தேறி வரட்டும், அப்புறம் பதிவு செய்துகொள்ளலாம் என்று சொல்லிவிட்டார்.

தேறி வந்த பிறகு பாலு போய் நன்றி சொன்னபோது எம்.ஜி.ஆர். சொன்ன காரணம்தான் இந்தக் கதையின் உயிர். எம்.ஜி.ஆருக்குப் பாடப் போகிறேன் என்று நீ உன் நண்பர்களிடமெல்லாம் சொல்லியிருப்பாய், இப்போது வேறு ஒருவரை வைத்துப் பதிவு செய்தால், உன் குரல் எனக்குப் பிடிக்காமல் நிறுத்திவிட்டேன் என்று ஊர் பேசும், உன் எதிர்காலத்துக்கு அது நல்லதில்லை, என்ற பொருளில் சொன்னாராம். இதை எஸ்.பி.பி. சொல்லும்போதெல்லாம் அவர் குரல் கொஞ்சம் இறங்கும். கேட்டவர்களுக்குத் தெரியும்.

எம்.ஜி.ஆரின் தாராள மனசுக்குச் சாட்சியாகத்தான் இதை எல்லோரும் சொல்கிறார்கள். அது உண்மைதான். ஆனால் எனக்கு இதில் வேறொன்று தோன்றிக்கொண்டே இருக்கிறது. 1967 ஜனவரி 12 அன்று எம்.ஜி.ஆர். சுடப்பட்டார், குண்டு கழுத்தில் பாய்ந்தது. பிழைத்தார், ஆனால் பழைய குரல் திரும்பவில்லை. அப்போது கையில் இருந்த 'காவல்காரன்' படத்துக்காரர்கள் அவர் எழுந்து வரும்வரை காத்திருந்தார்கள். அந்த வருஷமே படம் வந்தது, மாறிப்போன குரலோடுதான் வந்தது, மக்கள் அதையும் ஏற்றுக்கொண்டார்கள். தன் குரல் இனி வருமா வராதா என்று தெரியாமல் ஆஸ்பத்திரியில் கிடந்த ஒரு மனுஷன், தனக்காக மற்றவர்கள் காத்திருந்ததைப் பார்த்த மனுஷன், இரண்டே வருஷத்துக்குள் இன்னொரு குரல் காய்ச்சலில் கிடக்கிறது என்று கேள்விப்படுகிறார். அவர் காத்திருக்காமல் வேறு என்ன செய்திருப்பார்? இது என் ஊகம்தான், அவர் எங்கேயும் அப்படிச் சொல்லி நான் படித்ததில்லை. ஆனால் 'அடிமைப்பெண்'ணில் அவர் பேசும் காட்சியையும் இந்தப் பாட்டையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போது எனக்கு அது மட்டும்தான் ஞாபகம் வருகிறது. பேசும் குரலில் காயம் இருக்கிறது. பாடும் குரலில் ஒரு கீறல் இல்லை.

இன்னொரு விஷயத்தையும் யோசித்துப் பார்க்க வேண்டும். அந்தக் காலத்தில் எம்.ஜி.ஆர். என்றால் டி.எம். சௌந்தரராஜன். இதே படத்திலும் 'தாயில்லாமல் நானில்லை', 'ஏமாற்றாதே ஏமாறாதே' இரண்டும் டி.எம்.எஸ். பாடியவைதான். தியேட்டரில் உட்கார்ந்திருக்கும் ரசிகனுக்கு அந்தக் குரலும் அந்த முகமும் ஒன்று. அதே படத்தில், அதே முகத்துக்கு, யாருக்கும் பழக்கமில்லாத ஒரு மெல்லிய இளம் குரல். எம்.ஜி.ஆருக்கு அப்போது வயசு 52. குரலுக்கு 22. இது எடுபடாமல் போயிருக்க எல்லா வாய்ப்பும் இருந்தது. ஆனால் அம்மாவைப் பாடவும் ஊருக்குச் சொல்லவும் ஒரு குரல், நிலவைக் கூப்பிட இன்னொரு குரல் என்று பிரிந்து நின்றது ஜனங்களுக்கு உறுத்தவே இல்லை. டி.எம்.எஸ். குரலை நான் உயிராக நினைக்கிறேன், ஆனாலும் சொல்கிறேன், இந்தப் பாட்டை அவர் பாடியிருந்தால் அது ஒரு ராஜா கூப்பிடுவதாக இருந்திருக்கும். பாலு பாடியதால் அது ஒரு பையன் கூப்பிடுவதாக இருக்கிறது. கூப்பிட்டால் வருவாளா என்ற சந்தேகம் அந்த 'வா'வுக்குள் இருக்கிறது.

பாலுவின் பக்கத்தையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஆந்திரத்தில் எஞ்சினியரிங் படிப்பைத் தொடங்கி, சென்னைக்கு வந்து ஏ.எம்.ஐ.இ. என்ற எஞ்சினியரிங் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தவர். எஸ்.பி. கோதண்டபாணி அவரைத் தெலுங்கில் அறிமுகம் செய்தார், முதல் படம் 1967இல் வந்தது. தமிழில் எம்.எஸ். விஸ்வநாதனிடம் போனபோது, குரல் நன்றாக இருக்கிறது, தமிழ் உச்சரிப்பைச் சரி செய்துகொண்டு வா என்ற பொருளில் சொல்லி அனுப்பியிருக்கிறார். அவரும் போய்த் தமிழைத் தேற்றிக்கொண்டு வந்தார். முதலில் எல்.ஆர். ஈஸ்வரியோடு 'ஓட்டல் ரம்பா' என்ற படத்துக்குப் பாடினார், அந்தப் படம் வெளிவரவே இல்லை. அடுத்து 'சாந்தி நிலையம்' படத்தில் 'இயற்கை என்னும் இளைய கன்னி'. அது பதிவானது முன்னால், ஆனால் படம் வந்தது 1969 மே கடைசியில். மூன்று வாரம் முந்திக்கொண்டு 'அடிமைப்பெண்' வந்துவிட்டது. அதனால் தமிழ்நாடு அவர் குரலை முதன்முதலில் கேட்டது இந்தப் பாட்டில்தான். காய்ச்சல் இன்னும் கொஞ்சம் நீண்டிருந்தால், எம்.ஜி.ஆர். காத்திருக்காமல் இருந்திருந்தால் என்று நினைத்துப் பார்க்க எனக்குப் பயமாகவே இருக்கிறது. திறமை எப்படியும் வெளியே வந்திருக்கும் என்று சொல்வார்கள். எனக்கு அதில் அவ்வளவு நம்பிக்கை இல்லை. ஒரே ஒரு 'இல்லை'யில் ஊருக்குத் திரும்பிப்போய் எஞ்சினியராக ஓய்வு பெற்றவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள்.

சரி, காத்திருந்த கதை பெரிய கதை. ஆனால் அந்தக் கதை எவ்வளவு பெரிசோ அவ்வளவுக்கு மற்ற மூன்று பேரை மறைத்துவிட்டது என்பதுதான் என் ஆதங்கம். எழுதியவர், மெட்டுப் போட்டவர், கூடப் பாடியவர்.

புலமைப்பித்தன் அப்போது சினிமாவுக்கு வந்து அதிக நாளாகவில்லை. கோவைப் பக்கத்துக்காரர், மில்லில் வேலை பார்த்துக்கொண்டே தமிழ் படித்தவர், சென்னைக்கு வந்து பள்ளியில் தமிழாசிரியராக இருந்தவர். 1968இல் 'குடியிருந்த கோயில்' படத்தில் 'நான் யார் நான் யார்' பாட்டுதான் தொடக்கம். அடுத்த வருஷமே இது. ஒரு தமிழ் வாத்தியார் எழுதிய காதல் பாட்டு என்பது முதல் வரியிலேயே எனக்குத் தெரிகிறது. ஆயிரம் நிலவுகளே வாருங்கள் என்று அவர் எழுதவில்லை. எண்ணிக்கை ஆயிரம், ஆனால் நிலவு ஒருமை, வா என்ற ஏவலும் ஒருமை. அஃறிணைக்கு எண் முன்னால் வந்தால் கள் விகுதி தேவையில்லை என்று இலக்கணம் இடம் கொடுக்கிறது, ஆயிரம் மரம், நூறு மாடு என்று நாமும் அப்படித்தான் பேசுகிறோம். அந்தச் சின்ன இடத்துக்குள் அவர் ஒரு பெண்ணை நிற்க வைத்துவிட்டார். வானத்தில் இருப்பது ஒரு நிலவு, வரப்போகிறவள் ஒருத்தி, ஆனால் அவள் ஒருத்தியே ஆயிரம். கூப்பிடுவது ஆயிரத்தையும் அல்ல, ஆயிரமாய் இருக்கும் அவளை.

அடுத்த தடவை அதே ஆயிரம் 'ஓராயிரம்' ஆகிறது. அர்த்தத்தில் கூடுதல் ஒன்றுமில்லை, ஆனால் வாய் வட்டமாகத் திறந்து மூடி மறுபடி திறக்கிறது. பாடிப் பார்த்தால்தான் தெரியும். நம் ஊரில் ஆயிரம் பிறை கண்டவர் என்றால் எண்பதைத் தாண்டிய தாத்தா, அவருக்கு ஒரு விழாவே எடுப்போம். ஆயிரம் நிலவு என்றால் நமக்குக் கேட்பது ஒரு முழு ஆயுசின் அளவு. அதைக் கொண்டுபோய் முதல் வரியில் ஒரு காதலியின் தலைமேல் வைத்துவிட்டார் இந்த மனுஷன்.

கே.வி. மகாதேவனைப் பற்றி எல்லோரும் சொல்வது, அவர் மெட்டுக்குப் பாட்டு எழுதச் சொல்கிறவர் அல்ல, எழுதி வந்த பாட்டுக்கு மெட்டுப் போடுகிறவர் என்று. கவிஞர் தாளை நீட்டுவார், அவர் ஆர்மோனியத்தில் கை வைப்பார், பக்கத்தில் உதவியாளர் புகழேந்தி இருப்பார், வரி தன் நடையைத் தானே காட்டும். இந்தப் பாட்டின் சரணங்களைக் கேட்டால் அது நன்றாகத் தெரியும். நீளமான வரிகள், எதுகை மோனையோடு செய்யுள் மாதிரியே நடக்கின்றன, மெட்டு அவற்றை எங்கேயும் வெட்டவில்லை, மூச்சுக்கு எங்கே இடம் வேண்டுமோ அங்கே மட்டும் நிற்கிறது. இப்போது மெட்டு முதலில் வந்து, அதற்குள் வார்த்தையை மடக்கித் திணித்த பாட்டுகள் நிறையக் கேட்கிறோம். அப்படி வந்த நல்ல பாட்டுகளும் ஏராளம், இளையராஜா காலத்தையே உதாரணம் சொல்லலாம். ஆனாலும் இந்தப் பாட்டில் வரியும் மெட்டும் ஒன்றையொன்று இடிக்காமல் நடக்கிற நிதானம் இருக்கிறதே, அது எழுத்து முந்தி வந்ததால் வந்தது என்றுதான் நினைக்கிறேன். இதே மகாதேவனும் இதே பாலுவும் பத்து வருஷம் கழித்து 'சங்கராபரணம்' படத்தில் சேர்ந்தார்கள். கர்நாடக சங்கீதம் முறையாகப் படிக்காத பாலுவுக்குப் பாட்டுகளைச் சொல்லிக் கொடுத்துப் பாட வைத்தவர் அதே புகழேந்தி. இருவருக்குமே தேசிய விருது வந்தது, பாலுவுக்கு அது முதல் தேசிய விருது.

சுசீலாவைப் பற்றி யாரும் இந்தப் பாட்டை வைத்துப் பேசுவதே இல்லை. எனக்கு அது தாங்கவில்லை. அவர் அப்போது உச்சத்தில் இருந்தார். 'உயர்ந்த மனிதன்' படத்தின் 'பால் போலவே' பாட்டுக்காகப் பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதை நாட்டிலேயே முதலில் வாங்கியவர். அந்தக் காலத்து ரெக்கார்டிங் இப்போது மாதிரி ஆளுக்கொரு நாள் வந்து தனியாகப் பாடிவிட்டுப் போவது கிடையாது. வாத்தியக்காரர்கள், பாடுகிறவர்கள் எல்லோரும் ஒரே நேரத்தில், ஒரே டேக்கில் பாடி முடிக்க வேண்டும். கடைசி வரியில் யாராவது ஒருத்தர் தவறினாலும் முதலிலிருந்து ஆரம்பம். புதுப் பையன் ஒருத்தன், அதுவும் காய்ச்சலிலிருந்து எழுந்து வந்தவன், பக்கத்தில் நிற்கிறான். சுசீலா பாடுவதைக் கவனித்துக் கேளுங்கள். அவர் அவனை எங்கேயும் முந்தவில்லை. தன் சரணத்தில் எவ்வளவு சங்கதி வேண்டுமானாலும் போட்டு வரியை இழைத்து இழைத்துப் பாடியிருக்கலாம், பாடவில்லை. தண்ணீர் மாதிரி ஒரே மட்டத்தில் நிற்கிறார், அதன்மேல் அவன் குரல் மிதக்கிறது. அனுபவம் உள்ளவர்கள் புதியவருக்குச் செய்யக்கூடிய மரியாதை இதுதான். தள்ளி வைத்துக் காத்திருந்தது ஒருவர் என்றால், கூடவே நடந்து வந்தது இன்னொருவர். முதலாவதை நாம் ஆயிரம் தடவை சொல்லிவிட்டோம்.

படம் வந்த பிறகு நடந்தது ஊருக்கே தெரியும். எம்.ஜி.ஆருக்கே அவர் அப்புறம் நிறையப் பாடினார், 'அவள் ஒரு நவரச நாடகம்', 'பாடும்போது நான் தென்றல் காற்று' எல்லாம் எனக்குப் பிடித்தவை. முதல் பாட்டில் கூப்பிட்ட நிலவு அவரை விட்டுப் போகவே இல்லை என்பதுதான் அழகு. 'வான் நிலா நிலா அல்ல', 'இளைய நிலா பொழிகிறதே', 'நிலாவே வா', 'வா வெண்ணிலா' என்று வருஷா வருஷம் வந்துகொண்டே இருந்தது, ஜனங்கள் அவருக்கே 'பாடும் நிலா' என்று பேர் வைத்துவிட்டார்கள். 1983இல் இந்தப் பல்லவியின் முதல் வரியையே பெயராக வைத்து கார்த்திக் நடித்த படம் ஒன்று வந்தது, அதிலும் 'தேவதை இளம் தேவி' பாடியவர் இவரே.

இப்போது அந்த மூன்றாவது சரணத்துக்கு வருகிறேன், அப்பாவுக்குக் கிடைக்காமல் போன சரணம். முதல் இரண்டிலும் அவனும் அவளும்தான் இருக்கிறார்கள், இரவு, தோள், கூந்தல், உறக்கம் இல்லாமை. காதல் பாட்டில் வழக்கமாக வருவதுதான். மூன்றாவதில் புலமைப்பித்தன் சட்டென்று இரண்டு பேரையும் விட்டுவிட்டுக் குளத்தைப் பார்க்கிறார். குளம் ஒரு பெண், பூக்களை ஆடையாகப் போர்த்தியிருக்கிறாள். தென்றல் அவளுடைய காதலன், வந்து அந்த ஆடையை விலக்குகிறான், அவளுக்கு வேர்த்துவிடுகிறது. சொல்ல வேண்டியதை எல்லாம் சொல்லிவிட்டார், ஆனால் ஒரு வார்த்தை முகம் சுளிக்க வைக்காது. அப்புறம் அந்தக் காட்சியைக் காட்டி அவன் அவளைக் கேட்கிறான், அவள் பதிலுக்குக் கேட்கிறாள், கேள்வியைக் கேள்வியாலேயே முடித்துவிடுகிறார்கள். சங்கப் பாட்டில் யானையையும் மந்தியையும் காட்டி மனுஷர் மனசைச் சொல்வார்களே, அந்த வழியில் வந்தது இது. தமிழ் வாத்தியாருக்குப் பாடம் எடுக்கும்போதே இது ஊறியிருக்கும். எல்லாரும் முணுமுணுப்பது பல்லவியைத்தான், நானும் அப்படித்தான் இருந்தேன். ஆனால் பாட்டின் ஆழம் கடைசியில் இருக்கிறது, கேசட் தீர்ந்துபோன இடத்துக்கு அந்தப் பக்கம்.

2020 செப்டம்பர் 25 அன்று மத்தியானம் செய்தி வந்தது. கொரோனா காலம், யாரும் யார் வீட்டுக்கும் போக முடியாது, நல்லவேளை நான் அப்பாவோடு இருந்தேன். டிவியில் எல்லாச் சேனலிலும் அவர் முகம், கீழே ஓடும் எழுத்து, ஒவ்வொரு பாட்டிலும் இருபது நொடி, முப்பது நொடி, அடுத்த பாட்டு, அடுத்த பாட்டு. (அடுத்த வருஷம் அதே செப்டம்பரில் புலமைப்பித்தனும் போனார். அப்போது அவர் பாட்டுகளை ஒரு நாள் முழுக்க யாராவது போட்டார்களா என்று தெரியவில்லை, நான் போட்டுக்கொண்டேன்.) ராத்திரி வரை அப்பா ஒன்றும் பேசவில்லை. சாப்பிட்டு முடித்து, டிவியை நிறுத்திவிட்டு, போனில் அந்தப் பாட்டைப் போடச் சொன்னார். போட்டுவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தேன். இரண்டாவது சரணம் முடிந்து இடையிசை வந்தபோது எனக்கு ஒரு கால் வந்தது, சொந்தக்காரர் யாரோ, துக்கம் கேட்பது மாதிரிப் பேசத்தான் கூப்பிட்டிருப்பார்கள். எடுக்கலாமா என்று பார்த்தேன். அப்பா கையை மட்டும் லேசாக உயர்த்தி,

"இருப்பா, அந்தச் சரணம் வரட்டும்" என்றார்.